அமாவாசைச் சுரைக்காய்

பச்சைச் சுரைக்காய்த் துண்டை நாக்கில் வைத்தால் முதலில் தெரிவது குளிர்ச்சிதான். சுவை சற்றுப் பிந்தித்தான் வரும், அதுவரை இன்றும் மெல்லாமல் காத்திருக்கிறேன். மூன்று வயது மகளுக்காகச் சுரைக்காயும் அவரைக்காயும் சேர்த்துப் பொரியல் செய்யும் நாட்களில், காம்புப் பக்கம் ஒரு துண்டு, அடிப்பக்கம் ஒரு துண்டு என்று கடித்துப் பார்த்துவிட்டு, அடுப்பில் ஏற்றிய பிறகு நடுப்பகுதியைப் பார்க்கவில்லையே என்று கவலைப்படுகிறேன். இது கொஞ்சம் அதிகம்தான் என்று எனக்கே தெரியும்.

திருச்செங்கோட்டுக்கு அருகில் இருந்த எங்கள் வீட்டு வேலியில் சுரைக்கொடி படர்ந்திருந்தது. எப்போதாவது ஒரு காய் விஷமாய்க் கசக்கும், வெளியே பார்த்தால் தெரியாது. அதனால் அம்மா எந்தக் காயையும் "நாக்குல வெச்சுப் பாக்காம" சமைத்ததில்லை. அமாவாசை மட்டும் விலக்கு. இறந்தவர்களுக்குப் படைத்து, காக்கை எடுத்த பிறகுதான் வீட்டில் யாரும் எதையும் வாயில் வைக்கலாம். அதற்கு முன் வைத்தால் படையல் "எச்சில்" ஆகிவிடும்.

ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியோடு மாதக்கணக்கில் வடநாட்டில் இருக்கும் அப்பா, அந்த ஆடி அமாவாசைக்கு வீட்டில் இருந்தார். அவருடைய அக்காவும் வந்திருந்தாள். எனக்கு அத்தை, அம்மாவுக்கு "நங்கை". அம்மா பழக்கத்தில் ஒரு துண்டை உதட்டருகே கொண்டுபோனபோது, அத்தை அதைப் பார்த்துவிட்டாள்.

"ஏம்புள்ள, அமாவாசைங்கற நெனப்பிருக்குதா இல்லையா?"

அம்மா துண்டைக் கீழே வைத்தாள். அவரைக்காயை வேகவைத்து, சுரைக்காயோடு வடைச்சட்டியில் வதக்கி, வறுத்த நிலக்கடலையைப் பொடித்துத் தூவினாள். வாசனை என்னவோ நன்றாகத்தான் இருந்தது. காக்கை வந்து சோற்றைக் கொத்தியது, பருப்பைக் கொத்தியது, சுரைக்காய்த் துண்டை மட்டும் அலகால் தள்ளிவிட்டுப் பறந்துபோனது. யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அப்பா முதல் வாயிலேயே துப்பினார். அத்தை விரலில் தொட்டு நக்கிப் பார்த்து முகத்தைச் சுளித்தாள்.

"காக்காயே ஒதுக்கிப் போட்டுட்டுப் போயிருச்சு, நீ எந்தம்பி எலையில வெச்சிருக்கற!"

"ஊரூராப் போயித் தின்னுருக்கறன்க்கா, இப்படி ஒரு ருசி எங்கயும் கண்டதில்ல" என்று அப்பா சிரித்தார்.

"எங்கூட்டுல படைச்ச சோத்தைக் கொட்டுன வழக்கமில்ல. புள்ளைங்களுக்கும் வையி, அவங்கம்மா கைப்பக்குவத்தத் திங்கட்டும்" என்றாள் அத்தை.

நானும் தம்பியும் இலை முன்னால் உட்கார்ந்திருந்தோம். அத்தை கரண்டியை என் இலைப் பக்கம் நீட்டினாள். அம்மா எட்டி வடைச்சட்டியைத் தன் மடிக்கு இழுத்துக்கொண்டாள்.

"புள்ளைங்களுக்கு வேண்டாங்க நங்கை. நானே தின்னுக்கறனுங்க."

வேண்டாம் என்று அப்பா சொல்வார் என நினைத்தேன். "தின்னட்டும், அப்பத்தான் புத்தி வரும்" என்றார். ஐந்து பேருக்குச் செய்ததை அம்மா ஒருத்தியாகத் தின்றாள். மெல்லாமல் விழுங்கினாள், அவளுடைய தொண்டை ஏறி இறங்குவதையே பார்த்துக்கொண்டிருந்தேன். பொழுது சாய்வதற்குள் பின்வாசல் குழாயடியில் வாந்தியெடுத்துச் சுருண்டு கிடந்தாள். நான் அவள் தலையைப் பிடித்திருந்தேன். அத்தை வாசற்படியில் நின்று சொன்னாள்:

"இதுக்குத்தான் நாக்குல வெச்சுப் பாக்கோணுங்கறது."

அந்த வேலியும் கொடியும் இப்போது இல்லை. அங்கே ரிக் வண்டிகளுக்குப் பட்டறை போட்டிருக்கிறார்கள். அத்தையும் போய்ச் சேர்ந்துவிட்டாள். அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. எளிதில் செரிக்கும் காய்களாகக் கொடுக்கச் சொல்லியிருக்கிறார் மருத்துவர், அதனால் வாரத்தில் பாதி நாள் சுரைக்காய்தான், குழைய வேகவைத்த அவரைக்காயோடு.

போன வாரம் மகளோடு அம்மா வீட்டுக்குப் போயிருந்தேன். என் கண் முன்னால்தான் அம்மா காயை அரிந்து, ஒரு துண்டைக் கடித்து மென்று, நல்ல காய் என்று தலையாட்டினாள். சமைத்துப் பிசைந்து அப்பாவின் வாயருகே கொண்டுபோனபோது, அவர் உதட்டை இறுக மூடிக்கொண்டார். பிறகு குழறியபடி கேட்டார்:

"நாக்குல... வெச்சுப் பாத்தியா?"

"பாக்கலீங்க" என்றாள் அம்மா.

பார்த்தாளே அப்பா என்று சொல்ல வாயெடுத்தேன். அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். அப்பா அவள் முகத்தைப் பார்த்தார். பசி போலிருக்கிறது, வாயைத் திறந்தார்.