எனக்காகக் காத்திருந்த நீதிமன்றம்

நான் இலங்கை மலையகத்தில், அக்கரப்பத்தனைப் பக்கம் தேயிலைக் கொழுந்து பறிப்பவள். போன வருடம் தோட்டத்துப் பங்களாவில் சமையலுக்கு உதவப் போயிருந்தேன். அங்கே ஒரு சங்கிலி காணாமல்போக, நான்தான் திருடினேன் என்று என்மேல் வழக்கு வந்தது. அந்தச் சங்கிலியை நான் கண்ணால்கூடப் பார்த்ததில்லை.

நீதிமன்றத்தில் குற்றச்சாட்டைச் சிங்களத்தில் வாசித்தார்கள். கடையில் சாமான் வாங்கும் அளவுக்குத்தான் எனக்குச் சிங்களம் தெரியும். பயத்தில், கேட்டதற்கெல்லாம் தலையாட்டினேன்.

எழுதிக்கொண்டிருந்த நீதவான் அம்மா பேனாவை வைத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். தமிழ் மொழிபெயர்ப்பாளரைக் கூப்பிடச் சொன்னார். அவர் வரும்வரை சட்டத்தரணிகள், பொலிஸார் என அத்தனை பேரும் காத்திருந்தார்கள். கொழுந்து பறிக்கிற எனக்காக!

மொழிபெயர்ப்பாளர் வந்து, "சங்கிலிய நீங்கதான் எடுத்தீங்கன்னு சொல்றாங்கம்மா. ஒத்துக்கிறீங்களா?" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "ஐயோ, நான் எடுக்கலைங்க!"

நீதவான் அதையே எழுதிக்கொண்டார். எனக்காக வாதாட ஒரு சட்டத்தரணியையும் ஏற்பாடு செய்தார். சாட்சி எதுவும் இல்லாததால் வழக்கு மூன்றாம் தவணைக்கு வந்தபோது விடுதலையானேன். அன்று அந்தப் பெரிய மண்டபம் என் ஒரு சொல்லுக்காக அமைதியாக இருந்ததை நினைத்தால் இன்றும் உடல் சிலிர்க்கிறது.

இப்போதெல்லாம் விளங்காமல் தலையாட்டுவதில்லை. எந்த அலுவலகத்திலும், "தமிழ்ல சொல்லுங்க" என்று கேட்டுவிட்டுத்தான் பதில் சொல்கிறேன்.