கிணற்றில் ஊறிய படம்

கல்யாண வீடியோ எடுப்பவளாகத்தான் ஜீவிதாவைத் திண்டுக்கல்லில் தெரியும். முப்பத்தாறு வயது. முகூர்த்த நாள்களில் சம்பாதித்து, மற்ற நாள்களில் சொந்தப் படம் எடுப்பாள். பேச்சோ பாட்டோ இல்லாத படங்கள். "ஆறு மாசமா ஒரே கம்மாயவா எடுத்த?" என்று சொந்தக்காரர்கள் சிரிப்பார்கள். "ஆமா" என்பாள். அதற்குமேல் விளக்கமாட்டாள்.

இரண்டு வருடங்களுக்கு முன் செம்பட்டிப் பக்கம் ராக்கம்மாளின் தென்னந்தோப்புக்குப் போனாள். பக்கத்தில் இருந்த தோல் ஆலையின் கழிவு இறங்கி, கிணறு கெட்டுப்போயிருந்தது.

"கேமராவுல தண்ணி தண்ணியாத்தேன் தெரியும் தாயி. குடிச்சவளுக்குத்தேன் தெரியும்" என்றார் ராக்கம்மாள்.

அந்தச் சொல் ஜீவிதாவை விடவில்லை. மூடிய ஸ்டுடியோ ஒன்றிலிருந்து பழைய ஃபிலிம் சுருள்களை வாங்கினாள். தோப்பையும் கிணற்றையும் ராக்கம்மாளையும் படமெடுத்து, ஃபிலிமைக் கழுவினாள். பாதிச் சுருள்களை மழைத்தண்ணீரிலும், மீதியை அந்தக் கிணற்றுத் தண்ணீரிலும் நாற்பது நாள் ஊறப்போட்டாள். மழைத்தண்ணீரில் கிடந்தவை லேசாக மங்கியிருந்தன. கிணற்றுத் தண்ணீரில் கிடந்தவற்றில் தென்னைகள் அரித்துப்போயிருந்தன. ராக்கம்மாளின் வாய் இருந்த இடத்தில் வெறும் மஞ்சள் திட்டு. இரண்டையும் ஒட்டிப் பதினொரு நிமிடப் படமாக்கினாள்.

ஞாயிறு காலை ஊர்க் கல்யாண மண்டபத்தில் திரையிடல். முந்தின நாள் ஆலை மேலாளர் வந்தார்.

"ஏம்மா, முன்னால 'இது கற்பனை'ன்னு ஒரு வரி போட்டுரு. மொதலாளி வீட்டுல மூணு கல்யாணம் வருது. எல்லாம் உனக்குத்தேன்."

"கெணத்துல ஒரு சொம்பு மொண்டு தாரேன் சார். நீங்க குடிச்சிருங்க, நான் போட்டுர்றேன்."

மறுநாள் மண்டபம் பூட்டிக் கிடந்தது. வாசலில் நாற்பது பேர் வெயிலில் நின்றார்கள். அவர்களில் ஒருவர் பாஸ்கல், காய்கறி ஏற்றும் கண்டெய்னர் வண்டி ஓட்டுபவர்.

"வண்டி சும்மாதேன் நிக்கிது. கதவச் சாத்துனா உள்ள கும்மிருட்டு" என்றார் அவர்.

உள்ளே வேட்டி ஒன்றைத் திரையாகக் கட்டி, இருபது இருபது பேராக ஏற்றிப் படத்தைக் காட்டினாள். வெங்காய வாடையிலும் புழுக்கத்திலும் ஒருவரும் பாதியில் இறங்கவில்லை. வெளியே வந்தவர்களிடம், அங்கே வந்து நின்றிருந்த ஆலை மேலாளர், "அம்புட்டும் கிராபிக்ஸ்!" என்று கத்தினார். ஜீவிதா சுருளை எடுத்து வெயிலுக்கு நேரே விரித்துப் பிடித்தாள். ஆளுக்காள் வாங்கிப் பார்த்தார்கள். ராக்கம்மாள் மட்டும் அதைத் தொடவில்லை. "என் வாய அரிச்சுருச்சு, நாக்கு இன்னும் இருக்கு. நாளைக்கே மனுக் குடுப்போம்" என்றார்.

திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் முப்பத்தொரு மனுக்கள். ஒவ்வொன்றிலும் ஒரு துண்டு ஃபிலிம் தைத்திருந்தது. "இதெல்லாம் வாங்க முடியாது, பேப்பர மட்டும் குடுங்க" என்றார் எழுத்தர்.

"ரெண்டையும் சேத்து ரசீது போடுங்க. அதுவரைக்கும் இங்கதேன் நிப்பேன்" என்றாள் ஜீவிதா. மதியம் இரண்டரை மணிக்கு ரசீது வந்தது.

அதிகாரிகள் வந்து தண்ணீர் மாதிரி எடுத்துப்போனார்கள். முடிவு இன்னும் வரவில்லை. ஆலை ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. ஜீவிதாவிடம் சொல்லிவைத்திருந்த நாலு கல்யாணங்கள் கைநழுவிப் போயின. இப்போது வத்தலக்குண்டுப் பக்கம் கழிவு கலக்கும் ஓர் ஓடையில் புதிய சுருள்களை ஊறப்போட்டிருக்கிறாள்.