தாதா வந்துவிட்டார்

கெராமத் அலி மிருதா முப்பத்துநான்கு வருடம் உதவி இயக்குநராக இருந்தவர். டாக்காவில் அவர் குடை பிடிக்காத கதாநாயகி இல்லை. நான் ரோக்கேயா, படப்பிடிப்பில் துணிமணிகளுக்குப் பொறுப்பு. அவர் தலை கறுப்பாக இருந்த நாளிலிருந்து பார்க்கிறேன். ஒரு நாள்கூட அவர் கோபப்பட்டதில்லை. தங்கமான குணம் என்பார்கள். எனக்கென்னவோ அது வெறும் அசதி என்றுதான் தோன்றும்.

ஐம்பத்தொன்பதாவது வயதில் அவர் இயக்குநர் ஆனார். கல்கத்தாவும் டாக்காவும் கூட்டுச் சேர்ந்து ஒரு காதல் நகைச்சுவைப் படம் எடுத்தன. எங்கள் ஒப்பந்தப்படி எல்லாம் பாதிக்குப் பாதி. நடிகர்கள் பாதி, ஊர் பாதி, இயக்குநரும் பக்கத்துக்கு ஒருவர். கல்கத்தாவிலிருந்து அர்க்கோ வந்தான். வயது முப்பத்திரண்டு, கதை, படம் எல்லாம் அவனுடையது. எங்கள் பக்கத்துக்கு ஒரு பெயர் வேண்டும், வாய் வேண்டாம். தயாரிப்பாளர் சுற்றுமுற்றும் பார்த்தார். கெராமத் பாய் கண்ணில் பட்டார்.

அவர் மனைவி ஹுஸ்னா தெரு முழுக்க இனிப்புக் கொடுத்தாள். ஒரு வாரம் கழித்து மீன் கடையில் யாரோ, "உங்க வீட்டுக்காரர் அங்க ஒப்புக்குச் சப்பாணியாமே" என்று சிரித்திருக்கிறார்கள். வீட்டுக்கு வந்தவள் அவரிடம் ஒரே கேள்விதான் கேட்டாளாம்.

"ஒரு சீனாவது நீங்க எடுக்கிறீங்களா, இல்லையா?"

மறுநாள் என்னிடம் சொன்னார். "ஒரு சீன் போதும், ரோக்கேயா. போஸ்டர்ல போடுற பேரு பொய்யா இருக்கக் கூடாது. அவ்ளோதான்."

அர்க்கோவிடம் கேட்டார். "கண்டிப்பா தாதா! நாளைக்கே!" என்றான். கல்கத்தாவில் தன்னைவிட மூத்த ஆண் எவரும் தாதாதான், அண்ணன் என்று அர்த்தம். எங்களுக்கோ தாதா என்றால் அப்பாவைப் பெற்றவர். முதல் நாளே எங்கள் லைட் ஆட்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

"அண்ணாங்கிற அர்த்தத்துலதான் சொல்றேன் தாதா" என்றான் அர்க்கோ.

"தெரியும் தம்பி. ஆனா நீங்க கூப்பிடுற ஒவ்வொரு தடவையும் எனக்கு முட்டி வலிக்குது."

அந்த 'நாளைக்கு' இருபத்தாறு தடவை வந்து போயிற்று. முதல் வாரம் கெராமத் பாய் வசனத்தைத் திருத்திப் பார்த்தார். பழைய டாக்கா முஸ்லிம் பெண் தண்ணீரை 'ஜோல்' என்று சொல்லமாட்டாள், 'பானி' என்றுதான் சொல்லுவாள் என்றார். "படம் எடுக்கிறோமா, பாஷை வகுப்பு நடத்துறோமா தாதா?" என்றான் அவன். அதற்கப்புறம் இவர் நாற்காலியில் உட்கார்ந்து, பாக்கர்கானி ரொட்டியை டீயில் நனைத்துத் தின்றுகொண்டிருந்தார். நாற்காலியின் முதுகில் அவர் பெயர் எழுதியிருந்தது. எனக்குத்தான் வயிறு எரிந்தது.

டாக்காவில் கடைசி நாள். வாரி பகுதியில் ஒரு வீட்டை மாலை வரைக்கும் வாடகைக்கு எடுத்திருந்தார்கள். மறுநாள் காலை கதாநாயகன் கல்கத்தாவுக்குக் கிளம்புகிறான். எடுக்க வேண்டியது, கல்கத்தாப் பையன் பெண் கேட்டு வரும் காட்சி. பெண்ணின் அண்ணன், ஆஜானுபாகு, கதவைத் திறந்து சட்டையைப் பிடித்து உலுக்க வேண்டும். அர்க்கோ அனுப்பிய பட்டியலில் இப்படி இருந்தது: 'கதவைத் திறப்பவர், தாதா. மகா கோபக்காரர்.'

எங்கள் மேனேஜர் அதை எங்கள் பாஷையில் படித்துவிட்டார்.

பத்து மணிக்கு ஆட்டோ வந்து நின்றது. இரண்டு பேர் கைத்தாங்கலாக மொக்லேஸ் சாகேபை இறக்கினார்கள். பழைய நடிகர், வயது எண்பத்தொன்று, வெள்ளைத் தாடி, கையில் தடி.

"யாரு இது?" என்றான் அர்க்கோ.

"தாதா சார். நீங்கதானே கேட்டீங்க? கோபமும் பிரமாதமா வரும், பாருங்க" என்றார் மேனேஜர். பெரியவர் உடனே முறைத்துக் காட்டினார்.

நான் சிரித்த சிரிப்பில் வாயில் வைத்திருந்த குண்டூசி உதட்டில் குத்திவிட்டது. அர்க்கோ சிரிக்கவில்லை. "எனக்கு அண்ணன் வேணும்யா! இவர் சட்டையப் பிடிச்சா இவர்தான் கீழ விழுவாரு!" என்று கத்தினான். பயில்வான் மாதிரி இருக்கிற நடிகர்கள் எல்லோரும் வேறு படங்களில் அடிவாங்கப் போயிருந்தார்கள். மத்தியானம் வரை போன் போட்டும் ஒருவரும் சிக்கவில்லை. அர்க்கோ தலையில் கைவைத்து மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டான்.

கெராமத் பாய் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு அவன் பக்கத்தில் போனார்.

"தம்பி, பெரியவர் இருக்கட்டும். வர்ற பையன் கல்கத்தாக்காரன்தானே? அவனும் உங்கள மாதிரி தப்பாத்தானே கூப்பிடுவான்?"

அர்க்கோ நிமிர்ந்து பார்த்தான். "நீங்களே எடுங்க தாதா. எனக்கு மண்டை வெடிக்குது."

வேறு வழியில்லாமல்தான் கொடுத்தான். இருந்தாலும் கொடுத்தான்.

கெராமத் பாய் பெரியவரிடம், "இது உங்க வீட்டுக் கதவு, திறக்கிறீங்க, அவ்ளோதான்" என்றார். பையனிடம், "நீ பயத்துல எப்பவும் கூப்பிடுற மாதிரியே கூப்பிடு" என்றார். கேமரா பக்கத்தில் போய் நின்று, முப்பத்துநான்கு வருடப் பழக்கத்தில், "சைலன்ஸ்!" என்று கத்திவிட்டார். எல்லோரும் சத்தமில்லாமல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றோம். அடுத்த வார்த்தையைச் சொல்ல வேண்டியதும் தான்தான் என்று அப்புறம்தான் அவருக்கே உறைத்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு, மெதுவாக, "ஆக்‌ஷன்" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

கதவு திறந்தது. தடி ஓங்கியிருந்தது.

"தாதா... உங்க வீட்டுப் பொண்ண..." என்றான் பையன்.

தடி இறங்கியது. பெரியவர் உள்ளே திரும்பிக் குரல் கொடுத்தார். "ஏய், சோத்தை எடுத்து வைங்கடி! ஒருத்தன் வாசப்படி ஏறும்போதே என்னைத் தாதாங்கிறான். பேரனாவே வந்து நிக்கிறவன் தனியாப் பொண்ணு வேற கேக்கணுமா?"

"இல்ல தாதா, நான் சாப்பிட்டுட்டுத்தான்..."

"'சாப்பிட்டுட்டு வந்தியா, இல்ல போய்ச் சாப்பிடுவியா'ங்கிறது உங்க ஊர்க் கஞ்சனுங்க கேக்குற கேள்விடா. இங்க கேள்வியே கிடையாது. உக்காரு!"

ஒரே டேக். அர்க்கோவும் சிரித்தான், அதையும் சொல்லத்தான் வேண்டும்.

படம் வெளிவர எட்டு மாதம் ஆனது. அதற்குள் கெராமத் பாய் வேறொரு படத்தில் உதவி இயக்குநர். குடையோடு நின்றவரைப் பார்த்து, "டைரக்டர் சாகேப், இன்னும் குடையா?" என்று கேட்டுவிட்டேன். "வெயில் அடிக்குதே, ரோக்கேயா" என்றார். கேட்டிருக்க வேண்டாம்.

போஸ்டரில் அர்க்கோ பெயருக்குக் கீழே பொடி எழுத்தில் இவர் பெயர். மீன் கடையில் பழைய சிரிப்புத்தான். முதல் வாரம் மத்தியானக் காட்சிக்கு அவர், ஹுஸ்னா, நான் மூன்று பேரும் போனோம். எது தான் எடுத்த காட்சி என்று அவர் ஹுஸ்னாவிடம் சொல்லியிருக்கவில்லை. "சொல்லி வச்சு, அவ சிரிக்கலேன்னா?" என்றார் என்னிடம்.

பாதி அரங்கம் காலி. இடைவேளைக்கு முன் ஹுஸ்னா இரண்டு தடவை தூங்கி விழுந்தாள். அப்புறம் அந்தக் கதவு திறந்தது. 'தாதா' என்றதுமே அரங்கம் அதிர்ந்தது. ஹுஸ்னா முந்தானையால் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தாள்.

பின் வரிசையில் ஒருவன் நண்பனிடம் சொன்னான். "டேய், இத கல்கத்தாக்காரன் எடுத்திருக்கவே முடியாது. அவனுக்கு இதுல என்ன சிரிப்புன்னே தெரியாது. இது நம்ம ஆளு வேலைடா. பேரு போட்டானே, என்ன அது?"

"கெராமத் என்னமோ" என்றான் மற்றவன்.

ஹுஸ்னாவின் சிரிப்பு நின்றது. மெல்லத் திரும்பிக் கணவரைப் பார்த்தாள்.

"இதா?"

"ம்" என்றார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அவள் எழுந்தாள். பின்னால் இருந்தவர்களுக்குத் திரையை மறைத்துக்கொண்டு நின்று, அரங்கம் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"கெராமத் அலி மிருதா. பேர முழுசாச் சொல்லுங்க."