வெள்ளை வேட்டிக்கு முன்னால் அம்மா

நனைந்த வேட்டி காற்றில் படபடவென்று அடித்துக்கொள்ளும் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. குற்றாலத்தில் சீசன் தொடங்கித் தென்காசி வரை "சாரல்" விழுகிற நாட்களில், அம்மாவின் தம்பியான என் மாமா, எங்கள் வாசலில் இரண்டு மூங்கில்களுக்கு நடுவே ஒரு வெள்ளை வேட்டியைக் கட்டுவார். நிழல் விழாத அந்த மங்கல் வெளிச்சத்தில், தெருக்காரர்களை ஒவ்வொருவராக, அன்றாட உடையில், வெறுங்கையோடு நிறுத்திப் படமெடுக்க வேண்டும் என்பது அவர் ஆசை. அதற்காகவே, அருவி வரைந்த திரைக்கு முன்னால் ஆட்களை நிறுத்தும் ஸ்டூடியோ வேலையை விட்டுவிட்டு வந்திருந்தார்.

ஒருவரும் வரவில்லை. அருவித் திரையும் சுற்றிலும் குடும்பமும் இருந்தால்தான் எங்கள் ஊரில் அது "போட்டா". வெறும் வெள்ளைக்கு முன்னால் ஒற்றை ஆள் நின்றால் அது மாலை போட்டு மாட்டுகிற செத்தவர் படம். எதிர்வீட்டு எண்ணெய்க்கடை அண்ணாச்சி, "நான் இன்னும் சாவலடே, அதுக்குள்ள என்ன அவசரம்?" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார். வேட்டி மட்டும் நாள் முழுக்க நனைந்தது. மனம் வெறுத்து மாமா மூங்கிலைப் பிடுங்கப் போனபோது, பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்த அம்மா அப்படியே எழுந்துவந்து அதன் முன்னால் நின்றாள்.

"எடுலே. மாலையப் பொறவு பாத்துக்கிடலாம்."

அண்ணாச்சி பதறி வெளியே வந்தார். "ஏட்டி, பிள்ளைய வச்சிக்கிட்டு என்ன வெளாட்டு இது?"

"நீங்க போயி எண்ணெய அளங்க அண்ணாச்சி."

அன்றிலிருந்து எனக்குத்தான் நிம்மதி போயிற்று. காலையில் எழுந்ததும் அம்மாவின் இருமலை எண்ணுவேன். மூன்றைத் தாண்டினால் சோறு இறங்காது. அவளோ அடுத்த வருஷச் சாரலிலும் குழாயடியில் குரல் உயர்த்திச் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்துவிட்டு அண்ணாச்சிதான் முதலில் வந்தார், யாரிடமோ இரவல் வாங்கிய வாட்ச்சைக் கட்டிக்கொண்டு. மாமா அதைக் கழற்றச் சொன்னார். அந்த சீசனில் நாற்பத்தொரு பேர் நின்றார்கள்.

இப்போது அந்த வாசலில் செல்போன் கடை. என் பேத்தியின் போனில் என் படம் மட்டும் நூற்றுக்கு மேல் இருக்கிறது. ஒன்றிலாவது என்னைச் சும்மா நிற்கவிட்டிருக்கிறாளா என்றால் இல்லை. மாமா போய்விட்டார். அண்ணாச்சி, அவர் மகன் வீட்டுச் சுவரில், பிளாஸ்டிக் மாலைக்குள் வெறுங்கையோடு நிற்கிறார்.

எண்பத்துநான்கு வயது வரை இருந்த அம்மாவின் படம் என் அறையில் இருக்கிறது. அதில் அவள் கை இன்னும் காயவில்லை. என் மகன் வாங்கிவந்த சந்தன மாலை பையோடு அலமாரியில் கிடக்கிறது. அவன் கேட்கும்போதெல்லாம், பொறவு பாத்துக்கிடலாம் என்று சொல்லிவருகிறேன்.