எல்லாரும் எல்லாரோடும்

மாதங்கி கல்கத்தா பாலிகஞ்சில் ஒரு பெண்கள் பள்ளியில் பதினோராம் வகுப்புக்குக் கணக்கு எடுக்கிறாள். அப்பா துறைமுக உத்தியோகத்தில் மாற்றலாகி வந்தவர். அவள் பிறந்து வளர்ந்ததெல்லாம் டாக்குரியாவில்தான். கல்யாணம் ஆகவில்லை. ஏன் என்று யாராவது கேட்டால் ஒளிவுமறைவில்லாமல் சொல்லிவிடுவாள். ஜாதகமும் பொருந்த வேண்டும், உட்பிரிவும் பொருந்த வேண்டும், வேலையும் கல்கத்தாவிலேயே இருக்க வேண்டும் என்று அப்பா ஒவ்வொரு நிபந்தனையாக வைத்து வெட்டிக்கொண்டே போனார். கடைசியில் மிஞ்சியது ஒருத்தருமே இல்லாத வெற்றுக் கணம்.

"அப்பா மேல கோபமில்லே. வெட்டிண்டே போனா அதுதான் மிஞ்சும்" என்பாள்.

தமிழ்ச் சங்கத்தில் அவளுக்கு ஒரு மரியாதை உண்டு. ஒரு வருஷம் சரஸ்வதி பூஜைக்குச் சங்கமும் குடியிருப்பின் பூஜைக் கமிட்டியும் சேர்ந்து கிச்சுரி, அதாவது வங்காளத்துப் பருப்புச் சாதம், போட்டார்கள். சங்கச் செயலாளர் ரங்கராஜன், வங்கி அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர், இரண்டு பக்கத்து ஆட்களையும் கூட்டிச் சமையல்காரரிடம் சொல்லிவிட்டார்.

"ரெண்டுலயும் இருக்கறவாளுக்கு ரெண்டு வயிறா சார்? சேர்ப்பு வேற, கூட்டல் வேற. அவாளை ஒரு தடவைதான் எண்ணணும்" என்றாள் மாதங்கி.

ரங்கராஜன் கேட்கவில்லை. மறுநாளும் அதற்கு மறுநாளும் குடியிருப்பு முழுக்க மிஞ்சின கிச்சுரியையே சாப்பிட்டது. அதன்பின் ஆள் கணக்கு எதுவானாலும் அவர் நேரே அவளிடம் வந்துவிடுவார்.

அப்படித்தான் போன குளிர்காலத்தில் வரன் சந்திப்புக்கும் வந்தார். ஊரில் கல்யாண வயதில் இருக்கும் தமிழ்ப் பிள்ளைகளையும் பெண்களையும் ஒரு ஞாயிற்றுக்கிழமை மண்டபத்தில் சந்திக்க வைப்பதாக ஏற்பாடு.

"ஜாதகம் பொருந்தறவாளை மட்டும் உட்கார வெச்சுடலாம், என்ன?"

"வேண்டாம் சார். எல்லாப் பையனும் எல்லாப் பொண்ணோடயும் பேசட்டும். கார்டீசியன் பெருக்கல். பிடிச்சுதா இல்லையான்னு அப்புறம் பாத்துக்கலாம்."

பெண்கள் மேஜையில் உட்கார்ந்திருப்பார்கள், ஆண்கள்தான் எழுந்து போக வேண்டும், ஐந்து நிமிஷத்துக்கு ஒரு மணி என்று சட்டமும் போட்டாள். யார் யாரிடம் போகிறார்கள் என்பது முக்கியம், அது வரிசைச் சோடி என்றாள். ரங்கராஜன் தலையாட்டி வைத்தார்.

அந்த ஞாயிறு காலையில் அவர் வியர்த்துப்போய் வந்தார். "மாதங்கி, நம்ம மதுவந்தி வந்திருக்கா. அவ அண்ணன் ஸ்ரீநிவாஸும் வந்திருக்கான். உன் கணக்குப்படி அவா ரெண்டு பேரும்..."

"ஆமாம், அதுவும் ஒரு சோடி."

"கூடப்பிறந்தவா!"

"அதை விட்டா அது பெருக்கல் ஆகாது சார்."

அவள் பிடிவாதம் பிடித்ததற்குக் கணக்கு மட்டும் காரணமில்லை. மதுவந்தி எதிர் வீட்டுப் பெண். அவளுடைய அப்பாவின் முதல் வருஷத் திதிக்கு, ஊரின் மறுகோடியில் சால்ட் லேக்கில் தனியாகத் தங்கிக் கம்ப்யூட்டர் கம்பெனியில் இருக்கும் ஸ்ரீநிவாஸ், ஆபீஸ் வேலை என்று வரவில்லை. சாஸ்திரிகளுக்குச் சமாதானம் சொன்னது, சமைத்தது, இலை எடுத்தது எல்லாம் மதுவந்தி. அன்று மாலை போனில் இரண்டு பேரும் கத்தியது மாதங்கி வீடு வரைக்கும் கேட்டது. அதற்குப் பிறகு பேச்சுவார்த்தை இல்லை.

சந்திப்பு ஒழுங்காகத்தான் நடந்தது. எல்லாப் பையன்களும் எல்லாப் பெண்களிடமும் ஒரே சம்பளத்தைச் சொன்னார்கள். கடைசிக்கு முந்தின மணி அடித்ததும் ஸ்ரீநிவாஸ் தங்கையின் மேஜையைப் பார்த்தான், மாதங்கியைப் பார்த்தான். மாதங்கி கடிகாரத்தைப் பார்த்தாள். அவன் போய் உட்கார்ந்தான்.

மதுவந்தி, மற்ற பையன்களிடம் கேட்ட அதே குரலில், "உங்க ஹாபி என்ன?" என்றாள்.

அவன் சிரிக்கவில்லை. "அம்மா முழங்கால் எப்படி இருக்கு?"

"இப்பதான் தெரியணுமா உனக்கு?"

"திதி அன்னிக்கு ஆபீஸ்ல ஒண்ணும் இல்லே, மது. பஸ் ஏறி ருபி ஆஸ்பத்திரி ஸ்டாப் வரைக்கும் வந்தேன். அப்பா படத்துக்கு மாலை போட்டிருப்பேளேன்னு நெனச்சேன். முடியலே. திரும்பிட்டேன்."

மதுவந்தி மேஜை விரிப்பின் ஓரத்தைச் சுருட்டிக்கொண்டே இருந்தாள். "அதைச் சொல்லியிருக்கலாமேடா" என்றாள். அதற்குப் பிறகு அவர்கள் பேசினது மாதங்கியின் காதில் விழவில்லை.

ஐந்து நிமிஷம் ஆயிற்று. மாதங்கி மணியைக் கையில் எடுத்துவிட்டு மறுபடி கீழே வைத்தாள். மற்ற மேஜைகளில் சொல்வதற்கு ஒன்றும் மிச்சமில்லாதவர்கள் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

"மணி அடிக்கலையா?" என்று வந்தார் ரங்கராஜன்.

"அடிக்கலே" என்றாள்.

அந்தச் சந்திப்பால் ஒரு கல்யாணமும் நடக்கவில்லை. ரங்கராஜன் அதைச் செயற்குழுவில் இரண்டு தடவை சொன்னார். மாதங்கி மறுக்கவில்லை.

அன்று மாலையே மதுவந்தியின் அம்மா கதவைத் தட்டினாள். "வரன் பாக்கப் போன பொண்ணு, அண்ணனைக் கூட்டிண்டு வந்து நிக்கறா மாதங்கி! இது என்ன கணக்கு?"

"சாப்பிட்டானா?"

"லூச்சி பொரிச்சுண்டிருக்கேன். நீயும் வா."

மாதங்கி போனாள். உள்ளே அண்ணனும் தங்கையும் பாதி வங்காளியிலும் பாதி தமிழிலும் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். இந்த வருஷத் திதிக்குக் காய்கறி யார் வாங்குவது என்று. அவள் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, அதை நடுவில் புகாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.