கல்லாற்று அரிக்கூண்

காலை ஆறரைக்குத் தம்பானூரில் பஸ் ஏறினோம், நானும் என் மனைவி பகவதியும். கல்லாறு வரைக்கும் நெடுமங்காடு, விதுரை வழியாக நாற்பத்தைந்து கிலோமீட்டர் இருக்கும். பள்ளிக்கூடம் எனக்கு இரண்டாம் வகுப்போடு சரி. மலையாளப் போர்டு வாசிக்க வராது, கேட்டுத்தான் ஏறுவேன். பகவதி கேட்கவே மாட்டாள். அக்காள் வீட்டுக்குப் போகிற பஸ்ஸை வாசத்திலேயே கண்டுபிடித்துவிடுவாள்.

அந்த அக்காளின் புருஷன், என் சகலை, கல்லாற்றங்கரையில் சாயாக்கடை வைத்திருக்கிறார். துலா மாதத்தில் இடி இடித்தால் அவரிடமிருந்து வலியசாலையில் எங்கள் வீட்டுக்கு ஒரு வாழையிலைப் பொதி வந்துவிடும். உள்ளே அரிக்கூண். கறையான் மண்ணில் முளைக்கிற குட்டிக் காளான். அரிசியை அள்ளித் தெளித்த மாதிரி வெள்ளையாக, கூட்டமாக வரும். சாலைக் கடைத்தெருவில் இதைத் தேடினால் கிடைக்காது. பகவதி தேங்காயும் சின்ன உள்ளியும் வறுத்தரைத்துத் தீயல் வைப்பாள். வைத்துவிட்டு, "அத்தானுக்கு என்னா கண்ணு!" என்பாள். முப்பது வருஷமாக அந்த ஒரு பேச்சு எனக்குத் தொண்டையில் முள்.

"புதுச அவரு தின்னுட்டு, வாடினத நமக்கு அனுப்புதாரு" என்று நானும் வருஷந்தோறும் சொல்வேன். பொதி வாடித்தான் வரும். அது பொய்யில்லை.

எனக்கு மட்டும் கண் இல்லையா? பாத்திரக்கடையில் காலமெல்லாம் நின்றவன். வெண்கலத்தை ஒரு தட்டுத் தட்டினால் வெள்ளீயம் குறைவா கூடுதலா என்று சொல்வேன். ஒருதரம் நாகர்கோவில்காரர் ஒருவர் உருளியோடு வந்து... அது கிடக்கட்டும். காளானைத் தட்டினால் சத்தம் வராது, அவ்வளவுதான் வித்தியாசம். இந்தத் தடவை நானே கண்டுபிடித்து இவள் கையில் கொடுக்க வேண்டும் என்று புறப்பட்டேன்.

"அம்மாவா, கல்லாறு எத்தி. எறங்ஙிக்கோ" என்று கண்டக்டர் என்னை மாமாவாக்கித் தோளைத் தட்டியபோது எட்டரை. மழை தூறிக்கொண்டிருந்தது.

"வாங்க தம்பி, மழையையும் கூட்டிட்டு வந்துட்டீங்களே!" என்று சகலை சாயா ஆற்றினார். "கூண் நேத்தே பறிச்சாச்சு. இருந்தாலும் வாங்க, தோட்டத்துல ஒரு நட பாப்போம்."

கமுகுத் தோட்டத்தில் அவர் குத்தவைத்து, ஒரு மட்டையை விலக்கினார். கீழே கறையான் மண்ணில் பூத்துக் கிடந்தது. தொப்பி நகத்தளவு, நடுவில் சின்னதாக ஒரு கூர். "அத்தான், இங்கயும் இருக்கு!" என்று பகவதி சின்னப் பிள்ளை மாதிரி சிரித்தாள். நான் அந்தப் பக்கமாக நகர்ந்துவிட்டேன்.

வேலியோரப் புல்லில் என் அதிர்ஷ்டம் நின்றது. உள்ளங்கை அகலத்துக்கு வெள்ளைக் குடைகள். துண்டு நிறையப் பறித்துக்கொண்டுபோய் அடுக்களை வாசலில் விரித்தேன். "பாரு பகவதி!"

சகலை கையால் தொடவில்லை. "கழுத்துல வளையம் கெடக்கு. கறையான் மண்ணும் இல்ல. இது என்னன்னு எனக்குத் தெரியாது தம்பி."

"தெரியாதுன்னா நல்லதாவும் இருக்கலாம்லா?"

"இருக்கலாம். எனக்கு ஒண்ணே ஒண்ணுதான் தெரியும். மத்ததெல்லாம் வெசம்னு நெனச்சு வெலகிப் போயிருவேன்."

எனக்கு மனசு குளிர்ந்தது. கடைசியில் இவருக்கும் வந்துவிட்டதே! "உமக்குப் பொறாம ஓய்" என்றேன்.

அக்காள் அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தாள். "இந்த வீட்டுல ஒரு வழக்கம் உண்டு, மாப்பிள. பறிச்சவன்தான் மொதல்ல திங்கணும். மத்தவங்க மறுநாள்."

"மறுநாளா?"

"பின்ன? அரிக்கூண்தான்னாலும், ஒண்ணு ரெண்டு மாறி விழுந்திருந்தா? இவரு தின்னுட்டு ஒரு ராத்திரி கெடக்கணும். காலையில எந்திரிச்சு சாயா போட்டாருன்னாத்தான் ஒங்களுக்குப் பொதி கட்டுவேன். என்னைக்கும் அப்படித்தான்."

"அதும் போதாது, கேட்டோ" என்றார் சகலை. "சில வெசம் ரெண்டு நாள் பொறுத்துத்தான் ஆளத் தூக்கும். அதனாலதான் தெரியாதத நான் அடுப்புக்கே கொண்டுவாறது இல்ல."

பகவதி என்னைப் பார்த்தாள். "என்ன, அடுப்புல போடட்டா?"

துண்டை எடுத்துப்போய்க் குப்பைக்குழியில் உதறினேன். ஆற்றில் இறங்கிக் கையையும் துண்டையும் இரண்டு தடவை கழுவினேன். யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை.

மத்தியானப் பஸ்ஸில் திரும்பும்போது, நேற்றுப் பறித்த பொதி பகவதி மடியில் இருந்தது. கொஞ்சம் வாடித்தான் இருந்தது. நான் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு வந்தேன். பொறாமை தீர்ந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். அந்த ஆளின் கண்ணைப் பார்த்துப் பொறாமைப்பட்டவன், விதுரை தாண்டியதும் அவர் எங்களுக்காகக் காத்துக் கிடந்த அத்தனை ராத்திரிகளுக்காகவும் பொறாமைப்பட ஆரம்பித்தேன். அதற்கு நான் எங்கே போவேன்?

வலியசாலையில் விளக்கு வைத்த பிறகு தீயல் கொதித்து இறங்கியது. பகவதி இரண்டு தட்டு எடுத்தாள்.

"நீ பொறு" என்றேன். "நான் மொதல்ல."

"அத்தான் நேத்தே தின்னாச்சே! காலையில சாயாவும் போட்டாரே!"

"அது அவரு வீடு. இது என் வீடு."

அவள் ஒரு தட்டை உள்ளே வைத்துவிட்டு, கன்னத்தில் கைவைத்து என் எதிரே உட்கார்ந்தாள். டிவியில் அவள் விடாமல் பார்க்கிற சீரியல் ஓடியது, திரும்பிப் பார்க்கவில்லை. உருண்டை உருண்டையாக நான் விழுங்குவதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணும் செய்யலல்லா?" என்று கேட்டாள். கொஞ்சம் கழித்து மறுபடியும் கேட்டாள்.

வயிறு நன்றாகத்தான் இருந்தது. அதைச் சொல்ல மனசு வரவில்லை.

"காலையில பாப்போம்" என்றேன்.