செடிக்குச் சளி பிடிக்காது

சமுதாய நாடகம் போடுகிறவர்களுக்கு ஒரு வேதவாக்கு உண்டு: மக்கள் சொந்தக் குரலில் பேச வேண்டும். நானும் அதைக் கேமராவோடு சேர்த்துத் தோளில் மாட்டிக்கொண்டு, கம்பத்துப் பெண்களை வைத்து ஒரு நாடகம் தயாரித்தேன். விடியுமுன் ஜீப்பில் மெட்டு மலைப்பாதை ஏறி, கேரளத்து ஏலத்தோட்டத்தில் காய் எடுத்துவிட்டு, இருட்டும்போது இறங்குகிறவர்கள். நாடகம் உருவாகும் கதையை ஆவணப்படமாகவும் எடுத்துக்கொண்டிருந்தேன். ஒரே கல்லில் இரண்டு மாங்காய்.

அவர்களுடைய பெரிய குறை மழை. எவ்வளவு பெய்தாலும் கங்காணி ஒதுங்க விடமாட்டார். அவர் மட்டும் குடைக்குள் நிற்பார். அப்படி நனைந்து நனைந்து ஒரு அக்கா நெஞ்சுச்சளி கட்டி ஆஸ்பத்திரியில் கிடந்தார். அதையே நாடகமாக்கினோம்.

கங்காணி வேஷம் கட்ட யாரும் முன்வரவில்லை. கடைசியில், ஆஸ்பத்திரியில் கிடந்த அதே அக்கா ஒத்துக்கொண்டார்.

"ஆனா சொந்தமாப் பேசல்லாம் வராது தம்பி. எழுதிக் குடுங்க, அப்படியே ஒப்பிச்சிர்றேன்."

கெஞ்சிப் பார்த்தேன். ஒரு சொல் சொந்தமாக வரவில்லை. எழுதிக் கொடுத்தேன்.

கம்பத்தில் மேடையேறிய அன்று, வேட்டியை மடித்துக் கட்டி, நான் வாங்கிக் கொடுத்த குடையை விரித்து, "செடியே நனையுது, உங்களுக்கென்ன கேடு?" என்று ஒரு அதட்டல் போட்டாரே! பெண்கள் ஒரே குரலில், "செடிக்குச் சளி புடிக்காதுங்கய்யா!" என்றார்கள். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. முன்வரிசையில் தோட்டத்து முதலாளியும் கண்ணில் நீர் வரச் சிரித்தார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

முதலாளிக்குக் கலை ரசனை உண்டு என்பது அடுத்த வாரமே தெரிந்தது. பழைய கங்காணியை வேறு தோட்டத்துக்கு மாற்றிவிட்டு, அந்த இடத்தில் அக்காவைப் போட்டார். ஜீப்பில் ஒரே கொண்டாட்டம்.

"முதலாளியே அக்காவக் கங்காணியாக்கிட்டாக. இனி மழைக்கு ஒதுங்கலாம்ல, நம்ம அக்காதானே!" என்றாள் ஒருத்தி.

படத்துக்கு முடிவு கிடைத்த சந்தோஷம் எனக்கு. கலை சமூகத்தை மாற்றும் என்று இத்தனை வருஷம் மைக் பிடித்துச் சொன்னதற்கு, முதல்முறையாக ஒரு ஆதாரம்! கேமராவோடு நானும் மலை ஏறினேன்.

மத்தியானம் தூறல் வலுத்தது. பெண்கள் கையை நிறுத்திவிட்டு அக்காவைப் பார்த்தார்கள். நான் கேமராவை அவர் பக்கம் திருப்பினேன். அக்கா குடையை விரித்தார். நாடகத்துக்கு நான் வாங்கிக் கொடுத்த அதே குடை.

"செடியே நனையுது, உங்களுக்கென்ன கேடு?"

விளையாட்டுக்குத்தான் சொல்கிறார் என்று நினைத்தோம். மேடைப் பழக்கத்தில் அத்தனை பேரும், "செடிக்குச் சளி புடிக்காதுங்கய்யா!" என்று கத்திச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

அக்கா சிரிக்கவில்லை. ஒவ்வொரு முகமாகப் பார்த்தார்.

"இப்பச் சிரிச்சவ எவளும் நாளைக்கு ஜீப்புல ஏற வேணாம்."

பெண்கள் தலையில் மழை வடிய வடியச் செடிக்குள் குனிந்தார்கள். அந்தக் கடைசி வசனத்தை நான் எழுதிக் கொடுக்கவில்லை. அக்கா சொந்தமாகப் பேசியது.